எப்போது ஆரம்பித்தது?

செஞ்சியில் ஓர் அரசு மருத்துவமனை இருக்கிறது. அங்கே முடியாத அறுவைக்கு மூன்று வழிகள் உண்டு. முண்டியம்பாக்கத்திலுள்ள விழுப்புரம் அரசு மருத்துவக் கல்லூரி, மேற்கே திருவண்ணாமலை அரசு மருத்துவக் கல்லூரி, கிழக்கே புதுச்சேரி ஜிப்மர். முதல் இரண்டும் ஏறக்குறைய 40 கிலோமீட்டர். ஜிப்மருக்கு 60-ஐத் தாண்டும். 108 வண்டியில் ஏறினால் ஒரு மணி நேரமோ கொஞ்சம் கூடவோ ஆகும். பல நோய்களுக்கு அந்த ஒரு மணி நேரம் பெரிய விஷயமில்லை. விரைப்பையில் வரும் வலிக்கோ அது ஒரு விரையின் விலையாகிவிடலாம்.

விரை வீங்கினால் பார்வைக்கு எல்லாம் ஒன்றுபோலவே இருக்கும். தோல் சிவந்து பளபளக்கும், தொட்டால் உயிர் போகும், காலை அகட்டி வைத்துத்தான் நடக்க வரும். உள்ளே நடப்பது மட்டும் ஆளுக்கு ஆள் வேறு. ஒருவருக்கு ரத்தக்குழாய் முறுக்கிக்கொண்டிருக்கும். ஒருவருக்குச் சிறுநீர்ப் பாதையிலிருந்து பாக்டீரியா ஏறியிருக்கும். ஒருவருக்குப் பத்து நாள் முன்பு வந்த பொன்னுக்கு வீங்கியின் மிச்சம். இன்னொருவருக்குப் பல ஆண்டுகளாக உடம்பில் குடியிருந்த புழு ஒன்று அன்றைக்குச் செத்துப்போயிருக்கும். கண்ணால் பிரிக்க முடியாத இவற்றைப் பிரிக்கும் முதல் கருவி ஒரு கேள்விதான்: எப்போது ஆரம்பித்தது? மணிக்கணக்கா, நாள்கணக்கா, வாரமா, மாதமா, ஆண்டுகளா? இந்த அத்தியாயம் அந்த வரிசையிலேயே நகர்கிறது.

மணிக்கணக்கு

பதினான்கு வயதுப் பையன் ஒருவனை நினைத்துக்கொள்வோம். விடியற்காலை மூன்று மணிக்கு வலியில் விழித்துக்கொள்கிறான். அம்மாவிடம் “வயிறு வலிக்குதும்மா” என்கிறான். ஒருமுறை வாந்தியும் எடுக்கிறான். வாய்வுப் பிடிப்பு என்று ஓமத் தண்ணீர் கொடுத்துப் படுக்க வைக்கிறார்கள். காலையில் ஓ.பி. சீட்டு வாங்கி வரிசையில் உட்காரும்போது மணி ஒன்பது. ஆறு மணி நேரம் ஓடிப்போயிற்று.

அவனுக்கு வந்தது அழற்சியே அல்ல, விரை முறுக்கம். விரை ஒரு தண்டில் தொங்குகிறது. ரத்தக்குழாய்கள், நரம்புகள், விந்துக்குழாய் எல்லாம் அந்தத் தண்டுக்குள்தான் ஓடுகின்றன. சில பையன்களுக்குப் பிறவியிலேயே விரை பைச்சுவரோடு சரியாக ஒட்டாமல் மணியின் நாக்குபோல் ஆடிக்கொண்டிருக்கும். பருவ வயதில் விரை வேகமாக வளரும்போது ஒருநாள் அது சுழன்று தண்டை முறுக்கிவிடும். பெரும்பாலும் 12 முதல் 18 வயதுக்குள் வரும். தூக்கத்திலிருந்து எழுப்பிவிடும் வலியாக வருவதும் சகஜம். முதலில் ரத்தம் வெளியேறும் சிரை அடைபடும், விரை ஊதும். பிறகு உள்ளே வரும் தமனியும் நின்றுபோகும். ஆறு மணி நேரத்துக்குள் அறுவை செய்து முறுக்கைப் பிரித்தால் பத்தில் ஒன்பது விரைகளுக்கு மேல் பிழைக்கும். பன்னிரண்டு மணி நேரமானால் பாதிக்குப் பாதி. ஒரு முழுநாள் கடந்தால் பத்தில் ஒன்று தேறுவதே அரிது.

பையன் “வயிறு” என்றதற்குக் கூச்சம் ஒரு காரணம். இன்னொரு காரணம் உடற்கூறு. கருவில் விரைகள் உருவாவது சிறுநீரகங்களுக்குப் பக்கத்தில். பிறகுதான் கீழே இறங்கிப் பைக்கு வருகின்றன. இறங்கும்போது தங்கள் ரத்தக்குழாய்களையும் நரம்புகளையும் மேலேயிருந்தே இழுத்துக்கொண்டு வருகின்றன. அதனால் விரையின் வலி தொப்புளைச் சுற்றியும் அடிவயிற்றிலும் தெரிவது இயல்பு. பையன் பொய் சொல்லவில்லை. பாதி உண்மையைச் சொன்னான். அடிவயிறு வலிக்கிறது என்று வரும் எந்தப் பையனையும் டவுசரைத் தளர்த்திப் பார்க்காமல் அனுப்பக் கூடாது என்று அறுவைப் பேராசிரியர்கள் மாணவர்களிடம் திரும்பத் திரும்பச் சொல்வது இதனால்தான்.

முறுக்கத்துக்கும் அழற்சிக்கும் சில வேறுபாடுகள் உண்டு. முறுக்கம் திடீரென்று உச்சத்தில் தொடங்கும், குமட்டலும் வாந்தியும் கூட வரும், விரை மேலே ஏறிக் குறுக்காகக் கிடக்கும். உள்தொடையை லேசாகத் தடவினால் அந்தப் பக்கத்து விரை சட்டென்று மேலேறுவது இயல்பான அனிச்சைச் செயல். முறுக்கத்தில் அது பெரும்பாலும் இருக்காது. அழற்சி மெல்ல மெல்லக் கூடும், காய்ச்சல் வரும், சிறுநீர் எரியும். டாப்ளர் ஸ்கேனில் முறுக்கிய விரைக்கு ரத்தம் போகாததும் அழற்சி கண்ட விரைக்கு வழக்கத்தைவிட அதிகமாகப் பாய்வதும் தெரியும். ஆனால் ஸ்கேனுக்காகக் காத்திருந்து மணியை இழக்கக் கூடாது. சந்தேகம் வலுவாக இருந்தால் நேரே அறுவை அரங்குதான். முறுக்கைப் பிரித்த பிறகு இரண்டு விரைகளையும் தைத்து நிலைநிறுத்திவிடுவார்கள், ஏனென்றால் அதே பிறவி அமைப்பு மறுபக்கமும் இருக்கும்.

அழற்சியைப் பற்றிப் பேச வந்த இடத்தில் முறுக்கத்தை முதலில் வைத்ததற்குக் காரணம் உண்டு. இளம் வயதில் திடீரென வரும் விரை வலி, முறுக்கம் இல்லை என்று உறுதியாகும்வரை முறுக்கம்தான். அந்தக் கதவைச் சாத்திய பிறகே மற்றக் கதவுகளைத் தட்ட வேண்டும்.

தனி அரண்

நான்கைந்து சென்டிமீட்டர் நீளமுள்ள உறுப்பு எப்படி இவ்வளவு வலியைத் தருகிறது? விரையைச் சுற்றி வெண்மையான, தடித்த நார் உறை ஒன்று இருக்கிறது. அது விரிந்துகொடுக்காது. உள்ளே திசு வீங்கும்போது கையில் வீக்கம் வந்தால் தோல் விரிவதுபோல் இங்கே இடம் கிடைப்பதில்லை. அழுத்தம் ஏறுகிறது. அதுவே வலி, அதுவே விந்தணு உண்டாக்கும் நுண்குழல்களை நசுக்கிச் சாகடிக்கும் சக்தியும். விரையின் முதுகில் ஒட்டிக்கொண்டிருக்கும் எபிடிடிமிஸ் இன்னொரு அதிசயம். பிரித்து நீட்டினால் ஆறு மீட்டர் வரும் ஒற்றைக் குழாய், சில சென்டிமீட்டருக்குள் சுருண்டு கிடக்கிறது. விந்தணுக்கள் முதிர்வது இதற்குள்தான். பாக்டீரியா வருவது பெரும்பாலும் இதன் வழியாகத்தான்.

மூன்றாவது சங்கதி இன்னும் நுட்பமானது. செஞ்சியில் ராஜகிரி உச்சிக்குப் போகிறவர்கள் கடைசியில் ஒரு பிளவைத் தாண்டுவார்கள். பழைய காலத்தில் அங்கே இழுத்துக்கொள்ளக்கூடிய மரப்பாலம் இருந்தது. அதை எடுத்துவிட்டால் கீழே நிற்கும் சொந்தப் படைவீரனும் உச்சிக்கு ஏற முடியாது. விரைக்குள்ளும் அப்படி ஓர் ஏற்பாடு. செர்ட்டோலி செல்கள் தோளோடு தோள் இறுகி நின்று, ரத்தத்திலுள்ள எதிர்ப்பு அணுக்கள் விந்தணுக்களை நெருங்காமல் தடுக்கின்றன. காரணம், நோயெதிர்ப்பு மண்டலம் ‘நம்முடையது எது, அந்நியம் எது’ என்று பாடம் படிப்பது குழந்தைப் பருவத்தில். விந்தணு பிறப்பதோ பருவ வயதில். பாடம் முடிந்தபின் வந்த அதை எதிர்ப்பு மண்டலம் அந்நியன் என்றே எடுத்துக்கொள்ளும். கடும் அழற்சியில் இந்தத் தடுப்பு உடைந்தால் உடம்பு தன் விந்தணுவுக்கு எதிராகவே எதிர்ப்பொருள் உண்டாக்கக்கூடும். பிள்ளைப்பேறின்மைக்கு அதுவும் ஒரு காரணம். இந்த மறைவிடத்தைச் சில வைரஸ்களும் பயன்படுத்திக்கொள்கின்றன. மேற்கு ஆப்பிரிக்காவில் எபோலாவிலிருந்து மீண்ட ஆண்கள் சிலரின் விந்தில், ரத்தத்திலிருந்து வைரஸ் மறைந்து ஓர் ஆண்டு கழித்தும் அதன் மரபுப்பொருள் கிடைத்தது.

நாள்கணக்கு

இரண்டு மூன்று நாட்களாக மெல்லக் கூடிவரும் வலி, காய்ச்சல், சிறுநீர் எரிச்சல் என்றால் பாக்டீரியாவைத் தேட வேண்டும். அது மூத்திரப் பாதையிலிருந்து விந்துக்குழாய் வழியே எதிர்த்திசையில் பயணம் செய்து முதலில் எபிடிடிமிஸையும் பிறகு விரையையும் பிடிக்கிறது. பெரியவர்களுக்கு விரை மட்டும் தனியாக அழன்றுபோவது குறைவு. இரண்டும் சேர்ந்தே வரும்.

எந்தப் பாக்டீரியா என்பதை வயது ஓரளவு சொல்லிவிடும். முப்பத்தைந்துக்குக் கீழ் என்றால் உடலுறவில் தொற்றும் கிளமிடியாவும் வெட்டை நோய்க் கிருமியான கொனோகாக்கஸும் முதல் சந்தேகம். அதற்கு மேல் போகப் போகக் குடலிலுள்ள ஈ.கோலை முன்னுக்கு வரும். புராஸ்டேட் சுரப்பி பெருத்துச் சிறுநீர் முழுமையாகப் போகாத பெரியவர்கள், மூத்திரக் குழாய் போட்டுக்கொண்டிருப்பவர்கள், கட்டுப்படாத சர்க்கரை உள்ளவர்கள் எளிதில் மாட்டுவார்கள்.

வயதையும் தொற்றிய வழியையும் பொறுத்து மருந்து மாறும். பால்வினைத் தொற்று என்றால் செஃப்ட்ரியாக்சோன் ஊசி ஒன்றும் டாக்சிசைக்ளின் மாத்திரை பத்து நாளும் உலகெங்கும் நடைமுறையில் உள்ள சேர்க்கை. குடல் கிருமி என்றால் லெவோஃபிளாக்சசின் போன்றவை. சிறுநீரைச் சோதனைக்குக் கொடுத்த பிறகே முதல் மாத்திரையைப் போடுவது நல்லது. மாத்திரை போட்டபின் கிருமி வளராது, எது என்று தெரியாமலே போய்விடும். பால்வினைத் தொற்றுக்கு மனைவிக்கும் சேர்த்துச் சிகிச்சை வேண்டும், இல்லாவிட்டால் கிருமி இருவருக்கும் இடையே மாறி மாறிப் போய்வரும். இதற்கென்று அரசு மருத்துவமனைகளில் சுகவாழ்வு மையங்கள் உள்ளன. அங்கே கேட்பதும் சொல்வதும் ரகசியமாகவே இருக்கும்.

மருந்தோடு ஓய்வு, வலி மாத்திரை, துணியில் சுற்றிய ஐஸ் ஒத்தடம், விரைப்பையைத் தாங்கிப் பிடிக்கும் இறுக்கமான உள்ளாடை. தாங்குதல் சாதாரண விஷயமல்ல. தொங்கும் வீக்கம் தண்டை இழுக்கும், வலி இரட்டிப்பாகும். தாத்தாக்கள் கட்டிய கோவணம் இந்த வேலையைக் கச்சிதமாகச் செய்தது. மூன்று நாளில் வலியும் காய்ச்சலும் இறங்க ஆரம்பிக்க வேண்டும். இறங்கவில்லை என்றால் சீழ் கட்டியிருக்கிறதா, மருந்து தவறா, நோயே வேறா என்று மறுபடி பார்க்க வேண்டும். வீக்கம் முழுமையாக வற்றச் சில வாரங்கள் எடுக்கும். அதைக் கண்டு பயப்படவும் வேண்டாம், இரண்டே நாளில் வலி போய்விட்டது என்று மாத்திரையை நிறுத்தவும் வேண்டாம். சர்க்கரை நோயாளிக்கு விரைப்பைத் தோல் கறுத்து நாற்றம் வீசினால் அது தசையழுகல்; அன்றைக்கே அறுவை.

வாரக்கணக்கில் மருந்து எடுத்தும் விரை கெட்டியாகவே இருந்தால், அல்லது வலியே இல்லாமல் ஒரு கட்டி தட்டுப்பட்டால், ஸ்கேன் எடுத்தாக வேண்டும். விரைப் புற்றுநோய் சில சமயம் அழற்சியின் வேடத்தில் வரும். அதுவும் இளம் வயதின் நோய்தான்; சீக்கிரம் பிடித்தால் பெரும்பாலும் குணமாகும்.

வாரக்கணக்கு

கிரேக்கத் தீவான தாசோஸில் கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் ஒரு நோய் பரவியது. காதோரம் வீக்கம் கண்டு, பிறகு சிலருக்கு ஒரு விரையோ இரண்டுமோ வலியோடு வீங்கியதாக ஹிப்போகிராட்டஸின் பெயரிலுள்ள நூல் பதிவு செய்திருக்கிறது. பொன்னுக்கு வீங்கியும் விரை அழற்சியும் ஒரே நோயின் இரண்டு முகங்கள் என்பதற்கு நமக்குக் கிடைக்கும் மிகப் பழைய சாட்சி அது. அதற்குக் காரணம் வைரஸ் என்று ஜான்சனும் குட்பாஸ்ச்சரும் நிரூபித்தது 1934-ல்தான்.

நம் வீடுகளில் பொன்னுக்கு வீங்கி வந்த பிள்ளைக்கு வேப்பிலை அரைத்துப் பூசுவார்கள், கழுத்தில் தங்கச் சங்கிலி போடுவார்கள், ஒரு வாரத்தில் தானாக வற்றிவிடும். சின்னப் பிள்ளைக்கு அதோடு சரி. பருவம் எய்திய பையனுக்கும் ஆண்களுக்கும் கதை வேறு. அவர்களில் ஐந்தில் ஒருவரிலிருந்து மூவரில் ஒருவர்வரை விரை அழற்சி வருகிறது. கன்னம் வீங்கி நான்கு முதல் எட்டு நாட்கள் கழித்து, கன்ன வீக்கம் இறங்கிவரும் நேரத்தில், மறுபடி குளிர் காய்ச்சல் அடிக்கும், விரை வீங்கும். பெரும்பாலும் ஒரு பக்கம்தான். பத்தில் ஒருவருக்கோ அதற்குச் சற்று மேலோ இரண்டு பக்கமும்.

ஆன்டிபயாடிக் வைரஸை ஒன்றும் செய்யாது. ஓய்வு, தாங்கல், ஒத்தடம், வலிக்குப் பாராசிட்டமால் போன்ற மாத்திரை, அவ்வளவே சிகிச்சை. கன்னம் வீங்கிய நாளிலிருந்து ஐந்து நாள் பிள்ளையைப் பள்ளிக்கு அனுப்பக் கூடாது என்பது ஊருக்கான சிகிச்சை.

“பொன்னுக்கு வீங்கி விரையில் இறங்கினால் வாரிசு இருக்காது” என்ற பேச்சு ஊரெங்கும் உண்டு. பாதிக்கப்பட்ட விரைகளில் மூன்றில் ஒன்றிலிருந்து பாதிவரை ஓரளவு சுருங்குவது உண்மை. விந்தணு எண்ணிக்கை சில மாதங்கள் குறைவதும் உண்மை. ஒரு விந்தணு உருவாக ஏறத்தாழ 74 நாட்கள் ஆகும் என்பதால் இன்றைய காய்ச்சலின் விளைவு இரண்டு மூன்று மாதம் கழித்தே விந்துப் பரிசோதனையில் தெரியும். ஆனால் முழு மலட்டுத்தன்மை அரிது, ஒரு பக்கம் மட்டும் வந்தவருக்கு மிக அரிது. ஆண்மைக்கான டெஸ்டோஸ்டிரோனைச் சுரக்கும் லேடிக் செல்கள் நுண்குழல்களைவிடத் தாக்குப்பிடிக்கக்கூடியவை. ஒரு விரை நன்றாக இருந்தாலே குழந்தைக்கும் குரலுக்கும் மீசைக்கும் போதும். இது தெரியாதவர்களை நம்பித்தான் பேருந்து நிலையச் சுவர்களில் லாட்ஜ் முகாம் சுவரொட்டிகள் ஒட்டப்படுகின்றன.

தடுக்க வழி இருக்கிறது. அமெரிக்காவில் மாரிஸ் ஹில்மன் 1963-ல் தன் மகளின் தொண்டையிலிருந்து எடுத்த வைரஸைப் பலவீனப்படுத்தி உருவாக்கிய தடுப்பூசி 1967-ல் உரிமம் பெற்றது. இந்தியக் குழந்தை மருத்துவர்கள் சங்கம் தட்டம்மை, பொன்னுக்கு வீங்கி, ரூபெல்லா மூன்றுக்கும் சேர்ந்த எம்.எம்.ஆர். ஊசியைப் பரிந்துரைக்கிறது. அரசின் இலவசத் திட்டத்தில் இருப்பதோ பொன்னுக்கு வீங்கி இல்லாத எம்.ஆர்.; தமிழ்நாட்டில் 2017 பிப்ரவரியில் அதற்கான பெரிய முகாம்கள் நடந்தன. காசு கொடுத்துத் தனியாரிடம் போடுகிறவர்களின் பிள்ளைக்கு மூன்று காப்பு, ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போகிறவர்களின் பிள்ளைக்கு இரண்டு. 2023 இறுதியிலும் 2024-லும் தமிழ்நாடு உட்படப் பல மாநிலங்களில் பொன்னுக்கு வீங்கி பெருகியபோது இந்த இடைவெளி மறுபடி பேசப்பட்டது.

மாதக்கணக்கு

வலி குறைவு, வீக்கம் கெட்டி, மாதங்களாக மெல்ல வளர்கிறது, ஆன்டிபயாடிக்குக்கு மசியவில்லை என்றால் காசநோயை நினைக்க வேண்டும். எபிடிடிமிஸ் கல்லாகும், விந்துக்குழாயைத் தடவினால் மணிமணியாகத் தட்டுப்படும், விரைப்பையின் பின்புறம் புண் வைத்துச் சீழ் கசியும். மற்றக் காசநோய்க்குப்போலவே ஆறு மாத மருந்து, அரசுத் திட்டத்தில் இலவசம்.

புருசெல்லாவை மறந்துவிடக் கூடாத ஊர் செஞ்சி. இங்கே வெள்ளிக்கிழமை கூடும் வாரச்சந்தையில் பண்டிகைக்கு முந்தைய வாரங்களில் ஆயிரக்கணக்கில் ஆடுகள் கைமாறும். 1887-ல் மால்டா தீவில் டேவிட் புரூஸ் கண்டுபிடித்த இந்தக் கிருமி ஆடுமாடுகளில் குட்டியையும் கன்றையும் கருவிலேயே கலைத்துவிடும். காய்ச்சாத பாலைக் குடிப்பவர்களுக்கும், கருச்சிதைந்த ஆட்டின் நஞ்சுக்கொடியை வெறுங்கையால் எடுத்துப் போடுகிறவர்களுக்கும் தொற்றும். விட்டுவிட்டு வரும் காய்ச்சல், இரவில் வியர்வை, இடுப்பு வலி. ஆண்களில் ஒரு பகுதியினருக்கு விரை அழற்சி. ஆடு வளர்ப்பவர் மருத்துவரிடம் ஆடு வளர்ப்பதைச் சொல்லாவிட்டால் அவருக்குச் சந்தேகமே வராது. சொன்னால் ஒரு ரத்தப் பரிசோதனை, ஆறு வாரம் இரண்டு மருந்துகள். பாலைக் காய்ச்சிக் குடிக்கும் நம் பழக்கம் எத்தனையோ பேரைக் காப்பாற்றி வருகிறது.

தொழுநோய்க் கிருமிக்கும் விரை பிடித்தமான இடம், ஏனென்றால் அது உடம்பின் குளிர்ந்த பகுதிகளில்தான் செழிக்கும். விரைப்பையின் வெப்பம் உடம்பைவிட 2 முதல் 4 டிகிரி குறைவு. சிகிச்சையில்லாமல் முற்றிய தொழுநோயில் விரை சத்தமில்லாமல் சுருங்கும், மார்பு பெருக்கும். கூட்டு மருந்துச் சிகிச்சை வந்த 1980-களுக்குப் பிறகு அந்த நிலை அரிதாகிவிட்டது.

ஆண்டுக்கணக்கு

பழைய தென்னாற்காட்டில் விரை வீக்கம் என்றாலே மருத்துவர்கள் முதலில் நினைத்தது வேறொன்றை. தொடை இடுக்கில் நெறி கட்டும், குளிர் விட்டு நடுக்கும், விரைத்தண்டும் எபிடிடிமிஸும் தடித்து வலிக்கும். மூன்று நான்கு நாளில் தானாக அடங்கும், சில மாதம் கழித்து மறுபடி வரும். ஆண்டுகள் போகப் போக விரைப்பையில் நீர் சேர்ந்து தங்கிவிடும். ஓதம் என்பார்கள். யானைக்கால் நோயை உண்டாக்கும் அதே புழுவின் வேலை. இந்த நோய்க்குக் காலை வைத்துப் பெயர் வந்தாலும், ஆண்களில் அது அதிகம் பாதிப்பது விரைப்பையைத்தான். உலகில் இரண்டரைக் கோடி ஆண்கள் இந்த ஓதத்தோடு வாழ்வதாகவும், கைகால் வீக்கம் உள்ளவர்கள் ஒன்றரைக் கோடி என்றும் உலக சுகாதார நிறுவனம் மதிப்பிட்டிருக்கிறது.

புழு முதன்முதலில் அகப்பட்டதும் விரைப்பையில்தான். 1863-ல் பாரிஸில் டெமார்க்கே என்ற அறுவை மருத்துவர் கியூபாவிலிருந்து வந்த ஒருவரின் ஓத நீரில் நெளியும் நுண்புழுக்களைக் கண்டார். 1872-ல் கல்கத்தாவில் டிமதி லூயிஸ் அவற்றை ரத்தத்தில் கண்டார். 1877-ல் சீனாவில் பேட்ரிக் மேன்சன் அவை கொசுவின் வயிற்றில் வளர்வதைக் காட்டினார். ஆனால் செத்த கொசு விழுந்த தண்ணீரைக் குடிப்பதால் நோய் வருவதாக நினைத்தார். கடி வழியாகத்தான் என்று தெளிய 1900 ஆயிற்று.

பெண் புழு எட்டுப் பத்து சென்டிமீட்டர் நீளம், நூல்போல் மெலிவு. நிணநீர்க் குழாய்களில் ஐந்து முதல் ஏழு ஆண்டுகள் வாழும். ஆண்களிடம் அது விரும்பிக் குடியேறுவது விரைத்தண்டின் நிணநீர்க் குழாய்களில். 1994-ல் பிரேசிலின் ரெசிஃபே நகர மருத்துவர்கள் அல்ட்ராசவுண்டில் அது உயிரோடு நெளிந்தாடுவதையே பார்த்தார்கள். விந்தை என்னவென்றால், உயிரோடிருக்கும் புழு வலி தருவதில்லை; உடம்பின் எதிர்ப்பைத் தணித்துவைத்தே அது காலம் தள்ளுகிறது. சாகும்போதுதான் அந்தத் தணிப்பு போய் எதிர்ப்பு அணுக்கள் பாய்கின்றன, அந்த இடம் அழல்கிறது. மாத்திரை போட்ட சில நாளில் சிலருக்கு விரைத்தண்டில் வலியோடு முடிச்சு தோன்றுவதும் இதனால்தான். மருந்து கெடுதல் செய்துவிட்டது என்று ஊரார் சொல்வார்கள். மருந்து வேலை செய்திருக்கிறது என்பதே அதன் பொருள்.

இரண்டாம் உலகப் போரில் சமோவா போன்ற பசிபிக் தீவுகளுக்குப் போன அமெரிக்கச் சிப்பாய்கள் பலருக்குச் சில மாதங்களிலேயே விரையும் தண்டும் அழன்று வீங்கின. குழந்தை பிறக்காதோ என்ற பீதி படைமுகாம்களில் பரவியது. இதற்கு ஒரு மருந்து வேண்டும் என்ற அவசரம் அங்கேதான் பிறந்தது. லெடர்லி நிறுவனத்தின் ஆய்வுப் பிரிவுக்குத் தலைவராக இருந்தவர் பீமாவரத்தில் பிறந்து சென்னை மருத்துவக் கல்லூரியில் படித்த எல்லாப்பிரகடா சுப்பாராவ். அவர் வழிநடத்திய குழு 1947-ல் டைஎத்தில்கார்பமசின் என்ற மருந்தை வெளியிட்டது. அடுத்த ஆண்டே அவர் இறந்துபோனார். நம்மூரில் அதன் பெயர் யானைக்கால் மாத்திரை.

1955-ல் தேசிய யானைக்கால் நோய்க் கட்டுப்பாட்டுத் திட்டம் தொடங்கியது. நுண்புழுக்கள் ரத்தத்தில் மேலெழுவது இரவில்; கடிக்க வரும் கியூலக்ஸ் கொசுவின் நேரத்துக்கு அவை தங்களைப் பழக்கிக்கொண்டுள்ளன. அதனால் சுகாதாரப் பணியாளர்கள் இரவில் வீடு வீடாகப் போய், தூங்குகிறவர்களை எழுப்பி, விரல் நுனியில் குத்தி ஒரு துளி எடுத்தார்கள். 1975-ல் புதுச்சேரியில் கொசு போன்ற நோய்க்கடத்திகளை ஆராய ஐ.சி.எம்.ஆரின் ஆய்வு மையம் வந்தது. கியூலக்ஸ் முட்டையிடுவது அழுக்கு நீரில். செஞ்சிக் கோட்டையின் திறந்த குளங்களைவிடத் தெருச் சாக்கடையும் மூடி உடைந்த செப்டிக் டேங்கும்தான் அதற்கு வீடு. அந்த மையத்தினர் 1990-களின் நடுவிலிருந்து விழுப்புரம் மாவட்டக் கிராமங்களை மூன்று பிரிவாக்கி, ஒன்றில் யானைக்கால் மாத்திரை, ஒன்றில் ஐவர்மெக்டின், ஒன்றில் மருந்தில்லா மாத்திரை என்று ஆண்டுதோறும் கொடுத்து, ரத்தத்திலும் கொசுவிலும் புழு எவ்வளவு குறைகிறது என்று எண்ணினார்கள். ஊருக்கே ஒற்றை வேளை மருந்து கொடுத்தால் பரவல் சரியும் என்பதற்கு உலகம் பயன்படுத்திய சான்றுகளில் இந்த மாவட்டத்துச் செம்மண் கிராமங்களும் உண்டு.

இது நடக்கக்கூடியது என்பதற்கு இன்னொரு காரணமும் இருந்தது. ரங்கூனில் நடந்து 1968-ல் வெளியான ஒரு கணக்கின்படி, ஒருவர் ரத்தத்தில் நுண்புழு தோன்றப் பதினைந்தாயிரத்துக்கு மேற்பட்ட தொற்றுள்ள கடிகள் தேவை. மலேரியாவைப்போல் ஒரு கடியில் ஒட்டிக்கொள்ளும் நோயல்ல. ஆகவே கொசு முழுக்க ஒழியாவிட்டாலும் ரத்தத்திலுள்ள புழுக்களைச் சில ஆண்டுகள் குறைத்து வைத்தால் சங்கிலி அறுந்துவிடும். 2004 முதல் நாடு தழுவிய கூட்டு மருந்து வழங்கல் நடந்தது, தமிழ்நாட்டில் பரவல் வெகுவாகச் சரிந்தது.

ஆனால் ஏற்கெனவே சேர்ந்துவிட்ட ஓதம் மாத்திரையில் கரையாது. புழுவுக்குள் வாழும் வோல்பாக்கியா என்ற பாக்டீரியாவை டாக்சிசைக்ளினால் ஆறு வாரம் தாக்கினால் ஆரம்பநிலை ஓதம் குறைவதைக் கானாவில் நடந்த சோதனைகள் காட்டின. பெரிதானால் அறுவைதான். நீர் சுரக்கும் உறையைத் திறந்து, வெட்டியோ புரட்டியோ தைத்துவிடுவார்கள். அரசு மருத்துவமனைகளில் அன்றாடம் நடக்கும் எளிய அறுவை. ஊசியால் நீரை உறிஞ்சி எடுப்பது தீர்வாகாது. நீர் மறுபடி சேரும், கிருமியும் உள்ளே போகும்.

சொல்லாத கணக்கு

யானைக்கால் திட்டத்தின் வெற்றியில் ஒரு பாடம் இருக்கிறது. அதற்கு யாரும் வேட்டியை அவிழ்க்க வேண்டியிருக்கவில்லை. விரலை நீட்டினால் போதும், மாத்திரையை விழுங்கினால் போதும். வெட்கம் குறுக்கே வராத இடத்தில் நோய் பின்வாங்கியது. மிஞ்சியிருப்பது, காட்டினால்தான் தீரும் பகுதி: இருபது ஆண்டுகளாக ஓதத்தை வேட்டிக்குள் சுமந்துகொண்டு கல்யாணத்துக்குப் போவதைக்கூடக் குறைத்துக்கொண்ட பெரியவர்கள், சிறுநீர் எரிவதை மருந்துக்கடையில் மட்டும் சொல்லும் இளைஞர்கள், வயிறு என்று சொல்லிவிட்டுப் படுத்துக்கொள்ளும் பையன்கள்.

மூவருக்கும் மருந்தோ அறுவையோ இன்று இருக்கிறது; மூவருக்கும் அவகாசம்தான் வேறு. திடீர் வலியோடு வாந்தி என்றால் இரவோ பகலோ அந்த நிமிடமே, அறுவை அரங்கு உள்ள மருத்துவமனைக்கு. காய்ச்சலோடு கூடிவரும் வீக்கம் என்றால் அன்றைக்கோ மறுநாளோ. வலியில்லாக் கட்டி என்றால் அந்த வாரத்துக்குள். ஓதம் என்றால் அறுவடை முடிந்து கை ஓய்ந்ததும் போகலாம், ஆனால் போக வேண்டும். வீட்டில் பருவ வயதுப் பையன் இருந்தால் ஒரு வாக்கியத்தை முன்கூட்டியே சொல்லி வையுங்கள்: “அங்கே வலித்தால் ராத்திரி என்று பார்க்காமல் எழுப்பு, திட்ட மாட்டேன்.” இந்த அத்தியாயத்தில் சொன்ன மருந்துகளில் பலவற்றுக்குச் சீட்டு வேண்டும். இதற்கு வேண்டாம்.